சுழலலாம், சுருங்கக் கூடாது: தஞ்சைப் பெரிய கோயிலில் அடிபட்ட கருவியும் வடிவியலின் ஒரு விதியும்

1808-ஆம் ஆண்டு. தஞ்சாவூர் பெரிய கோயில். சுமார் அரை டன் எடையுள்ள ஒரு கருவியைக் கயிறு கட்டி மேலே ஏற்றிக்கொண்டிருக்கிறார்கள். பாதி வழியில் கயிறு அறுகிறது. கருவி போய்க் கோயில் சுவரில் மோதுகிறது.

அந்தக் கருவியின் பெயர் தியோடலைட். தொலைவில் தெரியும் இரண்டு புள்ளிகளுக்கு இடையிலான கோணத்தை அளக்கும் கருவி. லண்டனில் செய்தது. கப்பலில் வரும்போதே பிரெஞ்சுக்காரர்கள் கையில் சிக்கி, மொரீஷியஸ் போய், அறிவியல் கருவி என்பதால் திருப்பி அனுப்பப்பட்டு, ஒருவழியாகச் சென்னை வந்து சேர்ந்தது. கடல் தாண்டி, கைதாகி, விடுதலையாகி வந்த கருவிக்குத் தஞ்சாவூரில் வந்தது சோதனை.

அந்தக் கருவியால் அளந்தவர் வில்லியம் லாம்டன், இந்தியாவின் மாபெரும் முக்கோண நில அளவையைத் தொடங்கியவர். அவர் எதற்குக் கோயில் மேலே ஏற வேண்டும்? டெல்டாவில் பிறந்தவர்களுக்கு இதைச் சொல்லத் தேவையில்லை. கண்ணுக்கெட்டியவரை வயல், அதற்கப்பால் தென்னை. குன்று என்று சொல்ல ஒன்றும் கிடையாது. 40, 50 கிலோமீட்டர் தள்ளியிருக்கும் அடுத்த புள்ளியைப் பார்க்கணும்னா உயரம் வேணும். மலை இல்லாத ஊரில் கோபுரம்தான் மலை.

மோதியதில் கருவியின் உயிரான பாகம் நசுங்கியது. சுமார் மூன்றடி விட்டமுள்ள உலோக வட்டம் அது. அதன் விளிம்பில்தான் டிகிரிக் கோடுகள் செதுக்கப்பட்டிருந்தன. வட்டம் கோணலானால் என்ன ஆகும்? வட்டத்தின் ஒரு பக்கத்து டிகிரியும் மறுபக்கத்து டிகிரியும் ஒன்றாக இருக்காது. பார்க்க அதே கோடு, அதே எண். ஆனால் அளவு வேறு.

இந்தப் பிரச்சினையின் பெரிய வடிவம்தான் இந்தக் கட்டுரையின் விஷயம். ஓர் அளவை ஓர் இடத்திலிருந்து இன்னோர் இடத்துக்கு, அது கெடாமல் எப்படிக் கொண்டுபோவது? கணிதத்தில் இதற்கான பதிலுக்கு ஆங்கிலப் பெயர் ‘மெட்ரிக் பிரிசர்விங் கனெக்‌ஷன்’. நாம் ‘அளவு காக்கும் இணைப்பு’ என்று வைத்துக்கொள்வோம். பெயரைப் பார்த்துப் பயப்பட வேண்டாம். வரப்பில் நடக்கத் தெரிந்தால் போதும்.

முதலில் ஒரு குழி, ஒரு மா

டெல்டாவில் இன்றைக்கும் பெரியவர்களிடம் ‘எவ்வளவு நிலம் இருக்கு?’ என்று கேட்டால் ஏக்கரில் பதில் வராது. ‘மூணு மா இருக்கு தம்பி’ என்பார்கள். 100 குழி ஒரு மா. 20 மா ஒரு வேலி. 12 அடிக்கு 12 அடி, அதாவது 144 சதுர அடி ஒரு குழி என்று எடுத்துக்கொண்டால், ஒரு மா 14,400 சதுர அடி. நம்ம கணக்கில் சுமார் 33 சென்ட்.

இந்தக் கணக்கு முழுக்க ஒரே ஒரு பொருளை நம்பி நிற்கிறது: அளக்கும் கோல். கோல் 12 அடியிலிருந்து 11 அடியாகக் குறைந்தால், ஒரு குழி 121 சதுர அடியாகிவிடும். அதே வயல் திடீரென்று அதிகக் குழியாகத் தெரியும். வரி குழிக் கணக்கில் என்றால், நிலம் ஒரு அங்குலம்கூடக் கூடாமலே வரி கூடும்.

இது கற்பனைப் பிரச்சினை இல்லை. சோழர் காலக் கல்வெட்டுகளில் நிலத்தைச் சொல்லும்போது எந்தக் கோலால் அளந்தது என்பதையும் சேர்த்தே சொல்லும் வழக்கம் உண்டு. பதினாறு சாண் கோல், உலகளந்த கோல் என்றெல்லாம் பெயர்கள் வரும். ராஜராஜ சோழன் காலத்தில் நாடு முழுக்க நிலம் அளக்கப்பட்டது. சில கோயில்களின் சுவர்களில் கோலின் நீளத்தைக் கல்லிலேயே கோடாக வெட்டி வைத்திருக்கிறார்கள். சந்தேகம் வந்தால் கோலை அங்கே வைத்துப் பார்த்துக்கொள்ளலாம்.

ஓர் இடத்தில் நீளத்தையும் கோணத்தையும் எப்படி அளப்பது என்று சொல்லும் விதியைக் கணிதத்தில் ‘மெட்ரிக்’ என்கிறோம். ஊருக்கு ஊர் கையில் இருக்கும் கோல்தான் மெட்ரிக். ஓர் ஊரிலிருந்து அடுத்த ஊருக்கு ஒரு திசையை, ஓர் அம்புக்குறியை எப்படி எடுத்துப்போவது என்று சொல்லும் விதி ‘கனெக்‌ஷன்’, அதாவது இணைப்பு. எடுத்துப்போன பின்பும் அந்த அம்பின் நீளம், வேறோர் அம்போடு அது செய்யும் கோணம் இரண்டும் உள்ளூர்க் கோல் சொல்லும்படி மாறாமல் இருந்தால், அந்த இணைப்பு அளவு காக்கும் இணைப்பு. அவ்வளவுதான் வரையறை.

‘ஒரு குச்சியை எடுத்துட்டுப் போறதுக்கு விதி எதுக்கு? கையில பிடிச்சுட்டு நடந்தா போச்சு’ என்று தோன்றலாம். சமதளத்தில் அது சரி. பூமி சமதளம் இல்லையே.

மூன்று பேர், மூன்று விதிகள்

மூன்று பேர் தஞ்சாவூரிலிருந்து கிளம்புகிறார்கள் என்று வைத்துக்கொள்வோம். ஒவ்வொருவரும் ஓர் அம்பை எடுத்துப்போகிறார்கள். விதி மட்டும் வேறு வேறு.

முதலாமவர் மேப்பை நம்புகிறவர். ‘என் அம்பு கிழக்கே ஒரு டிகிரி நீளம். எங்கே போனாலும் அது கிழக்கே ஒரு டிகிரிதான்’ என்பது அவர் விதி. தஞ்சாவூரில் தீர்க்கரேகையின் ஒரு டிகிரி சுமார் 109 கிலோமீட்டர். அவர் ஸ்ரீநகர் போய்ச் சேரும்போது அதே ஒரு டிகிரி சுமார் 92 கிலோமீட்டர்தான். தீர்க்கரேகைகள் வடக்கே போகப் போக நெருங்குகின்றன இல்லையா? வழியில் 17 கிலோமீட்டர் காணாமல் போய்விட்டது! எண் மாறவில்லை, நீளம் மாறிவிட்டது. வடகிழக்கே ஒரு டிகிரிக்கு ஒரு டிகிரி என்று சாய்ந்த அம்பை எடுத்துப்போயிருந்தால் கோணமும் மாறியிருக்கும். வடக்குத் திசையோடு ஏறத்தாழ 45 டிகிரி இருந்தது, ஸ்ரீநகரில் சுமார் 40 ஆகியிருக்கும். இவருடைய விதி அளவைக் காக்கவில்லை. கோணலான தியோடலைட் வட்டம் செய்த அதே வேலையைத்தான் இவர் மேப்பும் செய்தது.

இரண்டாமவர் திசைகாட்டியை நம்புகிறவர். நிஜமான வட துருவத்தையே காட்டும் ஒரு நல்ல திசைகாட்டி என்று வைத்துக்கொள்வோம். ‘அம்பின் நீளம் கிலோமீட்டரில் மாறாது, வடக்கோடு அது செய்யும் கோணமும் மாறாது’ என்பது இவர் விதி. துருவங்களை விட்டுவிட்டால், இந்த விதி அளவை முழுமையாகக் காக்கிறது. அப்போ வேலை முடிந்ததா?

முடியவில்லை. ஒரு சோதனை செய்து பார்க்கலாம். திருச்சியிலிருந்து ஒருவர் நேர் கிழக்கே 100 கிலோமீட்டர் போய், பிறகு நேர் வடக்கே 100 கிலோமீட்டர் போகட்டும். இன்னொருவர் முதலில் வடக்கே 100, பிறகு கிழக்கே 100 போகட்டும். இருவரும் ஒரே இடத்தில் சந்திக்க வேண்டும் என்றுதானே நினைப்போம்? சந்திக்க மாட்டார்கள். சுமார் 300 மீட்டர் இடைவெளி இருக்கும். கட்டம் மூடவில்லை. இந்த விதியோடு சேர்ந்து வரும் இந்தக் கோளாறுக்குக் கணிதத்தில் ‘டார்ஷன்’, அதாவது முறுக்கம் என்று பெயர். பூமி வளைந்திருப்பது ஒருபுறம் இருக்க, நாம் ‘வடக்கு’ என்ற ஒரு திசைக்குக் கொடுத்த தனிச் சலுகையிலிருந்து வருவது இது.

மூன்றாமவர் மேப்பையும் நம்பவில்லை, வடக்கையும் நம்பவில்லை. அவர் விதி எளிமையானது. ‘நேர்க்கோட்டில், அதாவது மிகக் குறுகிய பாதையில் நடக்கும்போது, நான் நடக்கும் திசையோடு அம்பு செய்யும் கோணத்தை மாற்ற மாட்டேன். நான் திரும்பினால் அம்பைத் திருப்ப மாட்டேன். நீட்டவும் மாட்டேன், சுருக்கவும் மாட்டேன்.’ தலையில் நீளமான மூங்கிலைச் சுமந்துகொண்டு வரப்பில் போகிறவர் முனை திரும்பும்போது, உடம்பு மட்டும் திரும்பி மூங்கில் அதே திசையில் இருந்தால் எப்படியோ, அப்படி.

இந்த மூன்றாவது விதியில் அளவு காக்கப்படுகிறது. முறுக்கமும் இல்லை. இதில் கணிதம் சொல்லும் ஆச்சரியமான செய்தி என்னவென்றால், இந்த இரண்டு நிபந்தனைகளையும் சேர்த்துப் போட்டால் ஒரே ஓர் இணைப்புதான் தேறும். இரண்டாவது கிடையாது. பூமிக்கு மட்டுமல்ல, வளைந்த எந்தப் பரப்புக்கும், எத்தனை பரிமாணம் இருந்தாலும் இது உண்மை. கோல் என்ன என்று சொல்லிவிட்டால், அதை எப்படி எடுத்துப்போவது என்பது தானாகவே முடிவாகிவிடுகிறது.

இந்த இணைப்புக்கு இத்தாலியக் கணிதர் துல்லியோ லெவி-சிவிட்டாவின் பெயர். 1917-இல் அவர் இந்த ‘இணையாக எடுத்துப்போகும்’ கருத்தை வெளியிட்டார். அடித்தளம் அதற்கு முன்பே போடப்பட்டிருந்தது. 1827-இல் காஸ், 1854-இல் ரீமான், 1869-இல் கிறிஸ்டோஃபல். அந்த காஸும் கையில் கருவியோடு ஹானோவர் நாட்டில் நிலம் அளந்தவர்தான் என்பதைக் கவனிக்க வேண்டும். வளைந்த பரப்பின் கணிதம் வயற்காட்டிலிருந்து வந்தது.

சரி, இதற்கு விலை என்ன?

அளவைக் காத்தாச்சு, கட்டமும் மூடியாச்சு. எல்லாம் இலவசமாகக் கிடைக்காது. கொடுக்க வேண்டிய விலை: சுழற்சி.

மூன்றாமவர் திருச்சியில் கிளம்பி நேராக நாகப்பட்டினம், அங்கிருந்து நேராகச் சிதம்பரம், அங்கிருந்து மறுபடியும் திருச்சி என்று ஒரு முக்கோணச் சுற்று வருகிறார் என்று வையுங்கள். கிட்டத்தட்ட மொத்த டெல்டாவையும் சுற்றிய மாதிரி. அம்பின் நீளம் மயிரிழைகூட மாறவில்லை. ஆனால் கிளம்பியபோது இருந்த திசைக்கும் வந்து சேர்ந்த திசைக்கும் ஒரு சின்ன வித்தியாசம் இருக்கும்.

எவ்வளவு? கணக்குப் போட்டுப் பார்க்கலாம். அந்த முக்கோணத்தின் பரப்பு சுமார் 4,300 சதுர கிலோமீட்டர். பூமியின் மேல் ஏறத்தாழ 200 சதுர கிலோமீட்டருக்கு ஒரு கோண வினாடி என்ற கணக்கில் அம்பு சுழலும். ஒரு டிகிரியில் 3,600 கோண வினாடிகள். ஆக, டெல்டாவைச் சுற்றிவந்தால் சுமார் 22 வினாடி சுழற்சி. ஒரு டிகிரியில் நூற்றி அறுபதில் ஒரு பங்குக்கும் கொஞ்சம் குறைவு.

இதெல்லாம் ஒரு கணக்கா என்று தோன்றும். ஆனால் 22 வினாடி தப்பான திசையில் 100 கிலோமீட்டர் போனால், சேரும் இடம் 10 மீட்டருக்கு மேல் விலகிவிடும். வரப்புத் தகராறில் ஓர் அடிக்கே ஊர்ப் பஞ்சாயத்து கூடுகிற பூமியில், 10 மீட்டர் சின்ன விஷயமா?

லாம்டனுக்கு இது தெரியும். தாளில் வரைந்த முக்கோணத்தின் மூன்று கோணங்களைக் கூட்டினால் 180 டிகிரி. பூமியின் மேல் அளந்த பெரிய முக்கோணத்தில் கூட்டல் அதைவிடக் கொஞ்சம் அதிகமாக வரும். அந்த உபரியும், அம்பு சுழலும் அளவும் ஒன்றேதான். அளக்கிறவர்கள் இந்த உபரியைக் கணக்கில் சேர்த்துத்தான் முக்கோணங்களைத் தீர்த்தார்கள். அதனால்தான் கருவியின் வட்டம் அவ்வளவு துல்லியமாக இருக்க வேண்டியிருந்தது. பூமி தரும் சில வினாடி உபரியையும், கருவி செய்யும் சில வினாடிப் பிழையையும் பிரித்துப் பார்க்க முடியாவிட்டால் எல்லா உழைப்பும் வீண்.

நீளத்துக்கும் இதே கவலைதான். 1802 ஏப்ரலில் சென்னை பரங்கிமலை அருகே அவர் அடிக்கோட்டை அளந்தார். சுமார் 12 கிலோமீட்டர். அளந்தது 100 அடி எஃகுச் சங்கிலியால். வெயிலில் எஃகு நீளும். அதனால் சங்கிலியைப் பெட்டிகளில் கிடத்தி, மேலே கூடாரம் போட்டு, பக்கத்தில் வெப்பமானி வைத்து, நீளத்தைத் திருத்தித் திருத்தி அளந்தார். ஒப்பிட்டுப் பார்க்க இன்னொரு சங்கிலியும் இருந்தது. பரங்கிமலையில் 100 அடியாக இருந்தது பகல் 12 மணிக்கும் 100 அடியாகவே இருக்க வேண்டும் என்பதற்காக அத்தனை பாடு. ராஜராஜன் காலத்துக் கோல்காரருக்கும் லாம்டனுக்கும் கவலை ஒன்றுதான்.

கோலே வழியில் மாறினால்?

அளவைக் காக்காத இணைப்புகள் கணிதத்தில் தடை செய்யப்பட்டவை அல்ல. நம்ம முதலாமவரின் மேப் விதி அப்படிப்பட்டதுதானே. கேள்வி, இயற்கை எதைப் பின்பற்றுகிறது என்பது. 1918-இல் இது ஒரு பெரிய விவாதமாக வெடித்தது.

ஐன்ஸ்டைன் 1915-இல் பொதுச் சார்பியல் கோட்பாட்டை முடித்திருந்தார். ஈர்ப்பு என்பது காலவெளியின் வளைவு என்றார். அந்த வளைவைக் கணக்கிடும் கருவி, முறுக்கம் இல்லாத அதே அளவு காக்கும் இணைப்பு. அப்போது ஜெர்மன் கணிதர் ஹெர்மன் வைல் ஒரு கேள்வி எழுப்பினார். ‘சுற்றி வந்தால் அம்பின் திசை மாறலாம் என்று ஒப்புக்கொள்கிறோம். நீளம் மட்டும் ஏன் மாறக் கூடாது? அதையும் மாற விடுவோமே.’ அப்படி விட்டால் மின்காந்தவியலும் ஈர்ப்போடு ஒரே சட்டகத்துக்குள் வந்துவிடும் என்று காட்டினார். பார்க்க அழகான கோட்பாடு.

ஐன்ஸ்டைன் அழகை ஒப்புக்கொண்டார். இயற்பியலை ஒப்புக்கொள்ளவில்லை. அவருடைய மறுப்பு வைலின் கட்டுரையோடு சேர்ந்தே அச்சானது. மறுப்பின் சாரம் இதுதான்: கோலின் நீளம் அது வந்த வழியைப் பொறுத்து மாறும் என்றால், கடிகாரத்தின் வேகமும் வந்த வழியைப் பொறுத்து மாறும். ஒவ்வோர் அணுவும் ஒரு கடிகாரம். அப்படியானால் வேறு வேறு வழியில் வந்த இரண்டு ஹைட்ரஜன் அணுக்கள் வேறு வேறு நிறத்தில் ஒளி விட வேண்டும். நிஜத்தில் அப்படி இல்லை. எந்த மூலையிலிருந்து வந்தாலும் ஹைட்ரஜன் ஹைட்ரஜன்தான். அதன் நிறமாலைக் கோடுகள் கூர்மையாக, ஒரே மாதிரி இருக்கின்றன.

நம்ம ஊர் மொழியில் சொன்னால், கும்பகோணம் வழியாக வந்த கோலும் மன்னார்குடி வழியாக வந்த கோலும் தஞ்சாவூரில் சேரும்போது ஒரே நீளம் இல்லையென்றால், ‘ஒரு மா’ என்ற சொல்லுக்கே அர்த்தம் இல்லை.

கதை இதோடு முடியவில்லை. வைல் தன் யோசனையைக் குப்பையில் போடவில்லை. குவாண்டம் இயற்பியல் வந்த பிறகு, 1929-இல் அதே யோசனையை வேறோர் இடத்தில் பொருத்தினார். மாறுவது நீளம் அல்ல, ‘ஃபேஸ்’ எனப்படும் கட்டம். கடிகார முள் மாதிரி சுழலும் ஒரு கோணம். எலக்ட்ரானை விவரிக்கும் அலையின் அளவு மாறாது, முள் மட்டும் சுழலும். அளவு ஏன் மாறக் கூடாது? அந்த அளவுதான் எலக்ட்ரான் ஓர் இடத்தில் இருப்பதற்கான வாய்ப்பைச் சொல்கிறது. எல்லா இடத்து வாய்ப்பையும் கூட்டினால் 100 சதவீதம் வர வேண்டும். மின்காந்தவியலே ஓர் அளவு காக்கும் இணைப்பு என்பது இன்றைய இயற்பியலின் அடிப்படைப் பாடம்.

சுழலலாம், சுருங்கக் கூடாது. விதி ஒன்றுதான், வேலை செய்யும் இடம் வேறு.

திருச்சி வழியாக வந்த பாடம்

இந்தக் கதைக்கு ஒரு தமிழ்நாட்டு அத்தியாயம் உண்டு. பள்ளிப் பாடத்தில் அது வருவதில்லை.

முறுக்கத்தைப் பற்றிச் சொன்னோமே, அதை 1920-களில் முழுமையான கணிதமாக வளர்த்தவர் பிரான்ஸின் எலீ கார்த்தன். அவரிடம் ஆய்வு செய்த சார்ல்ஸ் ரசீன் என்ற ஏசு சபைப் பாதிரியார் 1937-இல் இந்தியா வந்தார். முதலில் திருச்சி செயின்ட் ஜோசப் கல்லூரி, பிறகு சென்னை லயோலா கல்லூரி. பரீட்சைக்குப் பழைய பாடம் நடந்துகொண்டிருந்த காலத்தில், பாரிஸில் நடக்கும் புதிய கணிதத்தை அவர் மாணவர்களுக்கு அறிமுகம் செய்தார். லயோலாவில் அவர் ஊக்குவித்த மாணவர்களில் இருவர் எம்.எஸ். நரசிம்மனும் சி.எஸ். சேஷாத்ரியும். முன்னவர் வட ஆற்காட்டில் தண்டரை என்ற கிராமத்துக்காரர். இருவரும் 1953-இல் மும்பை டாடா அடிப்படை ஆராய்ச்சி நிறுவனத்தில் சேர்ந்தார்கள்.

நரசிம்மன், எஸ். ரமணனோடு சேர்ந்து 1961-இலும் 1963-இலும் இரண்டு கட்டுரைகள் வெளியிட்டார். அதில் நிறுவியதை நம்ம மொழியில் இப்படிச் சொல்லலாம். உலகில் எத்தனையோ வளைந்த வெளிகள். ஒவ்வொன்றின் மேலும் எத்தனையோ அளவு காக்கும் இணைப்புகள். இவை எல்லாவற்றையும் தனித்தனியாக உருவாக்க வேண்டியதில்லை. ஒரு பொதுவான வெளியில், ஒரு பொதுவான இணைப்பு இருக்கிறது. மற்ற எல்லாம் அதிலிருந்து இறக்கி எடுத்தவைதான்.

கோயில் சுவரில் வெட்டிய கோலின் கோடு நினைவுக்கு வருகிறதா? ஊரில் இருக்கும் கோல்களெல்லாம் அந்த ஒரு கோட்டின் நகல்கள். நரசிம்மனும் ரமணனும் காட்டியது இணைப்புகளின் உலகளந்த கோல். 1974-இல் ஷீங்-ஷென் செர்னும் ஜேம்ஸ் சைமன்ஸும் வெளியிட்ட புகழ்பெற்ற ஆய்வில் இந்தத் தேற்றம் பயன்பட்டது. செர்ன்-சைமன்ஸ் கோட்பாடு இன்று இயற்பியலாளர்களின் அன்றாடச் சொல்.

1965-இல் வந்தது இன்னும் பெரிய விஷயம்: நரசிம்மன்-சேஷாத்ரி தேற்றம். வடை மாதிரி ஓட்டை உள்ள பரப்புகள் இருக்கின்றன இல்லையா, ஓட்டை ஒன்றாகவும் இருக்கலாம், பலவாகவும் இருக்கலாம். அப்படி ஒரு பரப்பின் ஒவ்வொரு புள்ளியிலும் ஒரு சிறு வெளியை நட்டுவைத்தால் கிடைப்பது ஒரு ‘கட்டு’. வயல் முழுக்க நாற்று நட்ட மாதிரி. அந்தக் கட்டுகளில் ‘நிலையானவை’ எவை என்று இயற்கணிதம் ஒரு வரையறை வைத்திருந்தது. டேவிட் மம்ஃபோர்டு கொடுத்தது. தேர் மாதிரி யோசியுங்கள். ஏதாவது ஒரு பகுதி மட்டும் சராசரிக்கு மேல் கனத்தால் தேர் அந்தப் பக்கம் சாயும். எந்த உட்பகுதியின் சராசரிக் கனமும் முழுத் தேரின் சராசரியைவிடக் குறைவாக இருந்தால் தேர் நிலையானது.

நரசிம்மனும் சேஷாத்ரியும் நிறுவியது: மொத்தக் கனம் பூஜ்யமாக இருக்கும் கட்டுகளில், இப்படி நிலையாக இருப்பவை எவையோ அவைதான், அளவு காத்து, வளைவும் இல்லாமல், துண்டாகப் பிரிக்கவும் முடியாத இணைப்பைத் தாங்கக்கூடியவை. மற்ற கனங்களுக்கும் கொஞ்சம் மாற்றிய வடிவம் உண்டு. ஒரு பக்கம் சுத்தமான இயற்கணிதம், மறுபக்கம் கோலும் அம்பும். இரண்டும் ஒன்றே. 1983-இல் பிரிட்டனின் சைமன் டொனால்ட்சன் இதற்குப் புதிய நிரூபணம் கொடுத்தார். அதில் இணைப்புகளும் அவற்றின் வளைவும் நேரடியாகவே மேடைக்கு வந்தன. 2006-இல் கிங் ஃபைசல் பரிசு நரசிம்மனுக்கும் டொனால்ட்சனுக்கும் சேர்த்தே வழங்கப்பட்டது.

சேஷாத்ரி பின்னாளில் சென்னைக்குத் திரும்பி, இன்றைய சென்னைக் கணிதவியல் கழகத்தை உருவாக்கினார். 2020 ஜூலையில் அவர் மறைந்தார். 2021 மே மாதம் நரசிம்மன் மறைந்தார்.

உங்கள் கையில் இருக்கும் கனெக்‌ஷன்

‘இதெல்லாம் சரி, எனக்கு என்ன?’ என்று கேட்டால், இதைப் படித்துக்கொண்டிருக்கும் போனையே கொஞ்சம் சாய்த்துப் பாருங்க. திரை திரும்புகிறது, கேமில் கார் வளைகிறது. போனுக்குள் இருக்கும் ஜைரோஸ்கோப் நொடிக்குப் பல முறை ‘இவ்வளவு சுழன்றேன்’ என்று சொல்கிறது. மென்பொருள் அந்தச் சின்னச் சின்னச் சுழற்சிகளைச் சேர்த்துக்கொண்டே போகிறது. ஒவ்வொரு முறை கூட்டும்போதும் தசமப் புள்ளிக்குப் பின்னால் ஒரு சின்னப் பிழை சேரும். அப்படியே விட்டால் கொஞ்ச நேரத்தில் சுழற்சியோடு நீட்சியும் கலந்துவிடும். அதனால் மென்பொருள் அடிக்கடி அளவைச் சரிபார்த்து ஒன்றாக்கிக்கொள்கிறது. சுழலலாம், சுருங்கக் கூடாது என்ற விதியைத்தான் அது காப்பாற்றிக்கொண்டிருக்கிறது.

மேப்பில் வரும் நீலப் புள்ளியும் இதே குடும்பம். ஜிபிஎஸ் செயற்கைக்கோளின் கடிகாரம், சார்பியல் விளைவுகளால் தரையில் இருக்கும் கடிகாரத்தைவிட நாளொன்றுக்குச் சுமார் 38 மைக்ரோ வினாடி முந்திப்போகும். ஒளியின் வேகத்தில் அது 11 கிலோமீட்டருக்குச் சமம். அதைத் திருத்தித்தான் புள்ளி நம் தெருவில் நிற்கிறது. திருத்தும் கணக்கு, ஐன்ஸ்டைன் பயன்படுத்திய அதே வடிவியலிலிருந்து வருகிறது. நிலம் அளக்க வரும் சர்வேயர் இன்றைக்குச் சங்கிலிக்குப் பதில் செயற்கைக்கோள் சிக்னல் வாங்கும் கருவியை நட்டுவைக்கும்போது, பட்டாவில் ஏறும் எண்ணுக்குப் பின்னாலும் இது இருக்கிறது.

அந்த ஆறு வாரம்

அடிபட்ட தியோடலைட் என்ன ஆனது?

அதை எழுதித் தள்ளிவிட்டு லண்டனுக்குப் புதிதாக ஆர்டர் போடுவதுதான் எளிய வழி. வந்து சேர வருடக்கணக்கில் ஆகும். லாம்டன் வேறு வழி எடுத்தார். கூடாரத்துக்குள் போய் உட்கார்ந்தார். கருவியை முழுதாகக் கழற்றினார். ஒரு பெரிய தட்டையான பலகையில், வட்டம் எந்த அளவில் இருக்க வேண்டுமோ அதே அளவில் ஒரு வட்டத்தை வெட்டினார். நசுங்கிய உலோக வளையத்தை அதற்குள் வைத்து, ஆப்பு, திருகு, கப்பி எல்லாம் கொண்டு கொஞ்சம் கொஞ்சமாக இழுத்து, அந்தப் பலகை வட்டத்தோடு பொருந்த வைத்தார். வளைந்த ஆரக்கால்களைச் சின்ன மரச் சுத்தியால் தட்டித் தட்டிப் பழைய நீளத்துக்குக் கொண்டுவந்தார். ஆறு வாரம் ஆனது. அந்தக் கருவி மறுபடியும் வேலைக்கு வந்தது. அதைக் கொண்டே முக்கோணங்கள் தொடர்ந்தன.

லெவி-சிவிட்டாவின் கட்டுரை வர அப்போது இன்னும் 109 ஆண்டுகள் இருந்தன. காஸின் கட்டுரைக்கே 19 ஆண்டுகள். ஆனால் லாம்டன் அந்தப் பலகையில் வெட்டிய வட்டத்துக்கும், கோயில் சுவரில் யாரோ ஒரு கல்தச்சர் வெட்டிய கோலின் கோட்டுக்கும் நோக்கம் ஒன்றே: நாளைக்கு வேறோர் ஊரில், வேறொருவர் அளக்கும்போதும் ஒரு டிகிரி ஒரு டிகிரியாகவும், ஒரு குழி ஒரு குழியாகவும் இருக்க வேண்டும்.

அடுத்த முறை ஊருக்குப் போகும்போது தாத்தாவிடமோ அப்பாவிடமோ நிலம் எத்தனை மா என்று கேளுங்க. அதை எந்தக் கோலால் அளந்தது என்றும் கேட்டுப் பாருங்க. கணிதர்கள் கேட்கும் கேள்வியும் அதுதான்.